பெருநாளன்று உலராத மண்

இல்லை சுகு அக்கா, இன்னும் கையெழுத்துப் போடவில்லை. என் பிரியமான அவசரக்காரி, நீ இருந்திருந்தால் வாசலிலேயே கேட்டிருப்பாய்: "என்னடி, ரிப்போர்ட் போச்சா?" போகவில்லை. மூன்று நாளாக என் மேஜையில் கிடக்கிறது. பேனாவை எடுக்கிறேன். வைக்கிறேன். டீ குடிக்கப் போகிறேன். திரும்பி வந்தால் அது அங்கேயே இருக்கிறது.

நீ போய் நான்கு மாதம் ஆகிவிட்டது. ஷெட்டின் தகரக் கூரை ஓட்டையை அடைத்துவிட்டார்கள். உன் நாற்காலியில் யாரும் உட்காருவதில்லை என்று எழுத ஆசை. உட்காருகிறார்கள். நமக்கு எப்போதும் நாற்காலிப் பற்றாக்குறைதான்.

தாம்பரம் சானடோரியம் ஸ்டேஷனில் இறங்கி ஆட்டோ பிடித்தால் கேட்பார்கள், நினைவிருக்கிறதா? "ராக்கெட் கம்பெனியா மேடம்?" நீ சொல்வாய்: "இல்லண்ணா, கால் கம்பெனி." உண்மைதான். ஏழு பேர், ஒரு ஷெட். ஒரு தனியார் லேண்டர் நிலாவில் இறங்கும்போது அதைத் தாங்க வேண்டிய நான்கு கால்கள். அவ்வளவுதான் நம் வேலை.

அந்தக் காலுக்கு இப்போது உன் பெயர். வரைபடத்திலேயே 'சுகன்யா' என்று போட்டிருக்கிறார்கள். பாதத்தின் அடியில் பொறிக்கவும் போகிறார்கள். நம் கம்பெனி சார் அனகாபுத்தூருக்குப் போய் உன் அம்மாவிடம் அதைச் சொல்லிவிட்டார். போன ஞாயிறு நான் போயிருந்தபோது அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"எம்பொண்ணு பேரு நிலாவுல போய்ப் படும்னாங்களே சார், எப்பம்மா?"

"ரிப்போர்ட் போனதும்மா."

"சீக்கிரம் அனுப்பு கண்ணு."

நான் தலையாட்டினேன். அப்போது எனக்கு எதுவும் தெரியாது. மறுநாள்தான் தெரிந்தது.

இதைப் படிக்கிற மற்றவர்களுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும், பொறுத்துக்கொள். நம்மிடம் நிலா மண் போல ஒரு மண் உண்டு. நாமக்கல் பக்கத்துப் பாறையை அரைத்த சாம்பல் நிறப் பொடி. அதைப் பெரிய தொட்டியில் பரப்பி, தொட்டியைச் சாய்த்து, மேலிருந்து காலை விடுவோம். பாதம் சரிவில் நின்றால் பாஸ். சறுக்கினால் லேண்டர் அங்கே ஒருக்களித்து விழும். சமீப வருடங்களில் வெளிநாட்டு லேண்டர்கள் அப்படி விழுந்திருக்கின்றன. அங்கே தூக்கி நிறுத்த ஆள் கிடையாது.

நாம் இறங்க வேண்டிய இடத்து மண்ணில் ஈரம் இல்லை. தாம்பரத்துக் காற்றிலோ துவைத்த துணிகூட ஒழுங்காகக் காய்வதில்லை. ஈர மண் பிடித்துக்கொள்ளும், காய்ந்த மண் விட்டுவிடும். கடற்கரையில் மணல் வீடு கட்டிய எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அதனால் ஒவ்வொரு சோதனைக்கும் முன்னால் மண்ணைச் சுட வேண்டும். நம் அடுப்பு கெட்டுப்போனபோது பெருங்களத்தூர் பாய் பேக்கரியைக் கண்டுபிடித்தவள் நீதான். விடிகாலை ரொட்டி இறங்கியதும் அதே சூட்டில் நம் தட்டுகள் ஏறும்.

"இன்னாம்மா இது, சிமென்ட் கேக்கா?"

"நிலா மண்ணு பாய்."

"நிலாவே நம்ம அடுப்புல வேவுதா! வெளிய சொல்லிடாதம்மா, அப்பறம் எவனும் பன்னு வாங்க மாட்டான்."

உனக்கு ஒரு கெட்ட பழக்கம் இருந்தது, அக்கா. மறுநாள் சோதனைக்கான படிவத்தை முந்தின மாலையே நிரப்பி வைப்பாய். 'மண் உலர்த்தப்பட்டது' என்ற கட்டத்தில் டிக் போட்டுவிட்டுத்தான் வீட்டுக்குக் கிளம்புவாய். "காலைல டென்ஷன்ல கையெழுத்து கோணிக்கும்டி" என்பாய். நான் ஒருநாளும் தடுத்ததில்லை.

அன்று எனக்கு இருபத்தொன்பதாவது நோன்பு. நீ கேட்டாய்: "பெருநாள் நாளைக்கா, நாளன்னைக்கா?"

"நாளன்னைக்குத்தான் அக்கா. வானத்தைப் பாரு, பூரா மேகம். பிறை எங்க தெரியப் போவுது? நாளைக்கு பாய் கடை இருக்கும், தைரியமா போ."

நிலாவுக்குக் கால் செய்கிறவள் நிலாவைப் பற்றிச் சொன்னது அது. இங்கே மேகம். வேறு ஏதோ ஊரில் தெரிந்துவிட்டது. இரவுச் சாப்பாட்டுக்குள் பள்ளிவாசலில் அறிவித்துவிட்டார்கள், விடிந்தால் பெருநாள். நான் நூறு பேருக்கு வாழ்த்து அனுப்பினேன். உனக்கும்தான். மருதாணிக் கையோடு ஒரு விரலால் தட்டி அனுப்பினேன். 'பாய் கடை இருக்காது' என்று மூன்று வார்த்தை சேர்க்கவில்லை. தோன்றவே இல்லை.

மறுநாள் நான் வேலைக்கு வரவில்லை. வாடிக்கையாளர் பக்கத்துப் பெரியவர்கள் வந்தார்கள், நீ சோதனையை நடத்தினாய், பாதம் அசையாமல் நின்றது, எல்லோரும் கைதட்டினார்கள். அடுத்த நாள் பிரியாணி டப்பாவை ஒரு கையால் உன்னிடம் நீட்டிக்கொண்டே மறு கையால் சாட்சிக் கட்டத்தில் கையெழுத்துப் போட்டேன். அங்கே இல்லாமலே. நமக்குள் அதெல்லாம் சகஜம்.

நீ ஏதோ சொல்ல வாயெடுத்தாய். பிறகு டப்பாவைத் திறந்து, "பரவால்லியே, லெக் பீஸா பாத்து வச்சிருக்க" என்றாய்.

என்ன சொல்ல வந்தாய்?

இரண்டு வாரத்தில் காய்ச்சல். நான்கே நாள். அதன் பிறகு மண் சோதனைக்கு வேலை இருக்கவில்லை, உன் கால்தான் தேறிவிட்டதே. பாய் கடைப் பக்கம் நான் போகவும் இல்லை. போக முடியவில்லை.

இந்தத் திங்கட்கிழமை போனேன், வீட்டுக்கு ரொட்டி வாங்க. பாய் எட்டிப் பார்த்தார்.

"இன்னாம்மா, ஆளையே காணோம்? எங்க அந்த நெட்டைப் பொண்ணு?"

சொன்னேன். அவர் கையிலிருந்த ரொட்டியைக் கீழே வைத்தார். 

"பெருநாளன்னிக்குக் காலைல வந்துச்சும்மா அது. மண்ணு மூட்டையோட. ஷட்டர் சாத்திக் கீது, நான் மாடிலருந்து பாக்கறேன். 'இன்னிக்கு அடுப்பு பத்த வெக்கலம்மா, பெருநாளு'ன்னேன். தலைல அடிச்சிக்கினு சிரிச்சுது. நம்ம வூட்ல சேமியா குடுத்தாங்க. படிக்கட்டுல குந்தி சாப்ட்டு, மூட்டையத் தூக்கிக்கினு அப்படியே போய்ச்சும்மா."

அப்படியே. சுடாத அந்த மண்ணோடு. படிவத்தில் டிக் முந்தின மாலையே விழுந்தாயிற்று.

அதற்குப் பிறகு என்னால் உட்கார முடியவில்லை. ஷெட்டில் நடக்கிறேன். ரயிலில் இடம் இருந்தாலும் நின்றுகொண்டு வருகிறேன். அந்த மண் ஒருவேளை போதுமான அளவு காய்ந்தே இருந்ததோ? நீ கையால் அள்ளிப் பார்த்து, சரி என்று நினைத்தாயோ? வந்தவர்களைத் திருப்பி அனுப்ப உனக்கு வாய் வரவில்லையோ? பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டாயோ? எல்லோருக்கும் 'பிறகு' இருக்கிறது என்று நாம் நினைத்துக்கொண்டோம்.

ரிப்போர்ட்டில் உன் இடத்தில் கையெழுத்துப் போட வேண்டியவள் இப்போது நான். சார் இரண்டு தடவை வந்து கேட்டுவிட்டார். "ஒரு சைன் தானம்மா ஷமீமா, எதுக்கு இவ்ளோ டிலே?"

சொன்னால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். உன் சோதனை செல்லாது. திரும்பச் செய்து, கால் சறுக்கினால் அந்த வடிவமே போகும், பாதத்தில் உன் பெயரும் போகும். அனகாபுத்தூர் சந்தில் நின்று உன் அம்மாவிடம் அதைச் சொல்ல வேண்டியவள் நான். இறந்தவளைக் குற்றம் சொல்கிறாள் என்று ஷெட்டில் பேசுவார்கள். சொல்லாவிட்டால்? ஒன்றும் ஆகாது. யாருக்கும் தெரியாது. கால் தரையைத் தொடும் அந்த ஒரு நிமிடம் வரை.

நம் நாட்டு லேண்டர் நிலாவில் இறங்கி நின்ற அந்த மாலையை நினைத்துக்கொண்டே இருக்கிறேன். எல்லோரும் கத்திக்கொண்டிருந்தார்கள். நீ மட்டும் டிவிக்குப் பக்கத்தில் போய் நின்று சொன்னாய்: "முன்னாடி ஒண்ணு விழுந்துச்சில்ல, அப்ப எது எது தப்புன்னு எல்லாத்தையும் டேபிள்ல கொட்டிட்டாங்கடி. அதான் இது நிக்குது." அப்போது உன் கண் கலங்கியிருந்தது. நான் கேலி செய்தேன்.

அதைச் சொன்னவளும் நீதான். சேமியா சாப்பிட்டுவிட்டு மூட்டையோடு போனவளும் நீதான். இரண்டில் எந்த சுகு அக்காவுக்கு நான் விசுவாசமாக இருப்பது?

இன்று காலை ஸ்டேஷன் படியிறங்கும்போது வெயிலில் நிலா வெளிறித் தெரிந்தது. அது தெரியாது என்று அடித்துச் சொன்னவள் நான். இந்தத் தவறு என்னிடத்தில்தான் தொடங்கியது. அங்கிருந்தே சொல்லத் தொடங்குகிறேன்.

உன் பெயரைப் பாதத்தில் வைத்துக்கொண்டு ஒருக்களித்துக் கிடக்கும் ஒரு லேண்டரை நான் அங்கே அனுப்ப மாட்டேன், அக்கா. நின்றால் உன் பெயரோடு நிற்கட்டும். சறுக்கினால் முதலில் அம்மாவிடம் போய் நானே சொல்வேன். இது சத்தியம்.

உன் கூடப் பிறக்காத தங்கச்சி,
ஷமீமா

பின்குறிப்பு: இதை எழுதிவிட்டு சாரிடம் போனேன். பிறை, பேக்கரி, டிக், என் பொய்க் கையெழுத்து என்று வரிசையாகச் சொன்னேன். அவர் அந்தப் படிவத்தை எடுத்துப் பார்த்தார். பிறகு, "மண்ணு எங்க இருக்கு?" என்றார். மறுநாள் விடிகாலை மூட்டையை ஸ்கூட்டியில் வைத்துப் பெருங்களத்தூர் போனேன். பாய் அடுப்புப் பற்றவைத்திருந்தார். மண்ணைச் சுட்டு, ஆறவைத்து, தொட்டியில் பரப்பி முடிக்கும் வரை படிவத்தில் நான் எதுவும் எழுதவில்லை.