கயிறு மட்டும் தெரியும் காட்சி

அந்தக் காட்சியை நான்தான் வெட்டச் சொன்னேன் என்று ஊரில் பேசுகிறார்கள். அது பொய். உனக்குத் தெரியும், ஆனால் சாட்சி சொல்ல நீ இல்லை.

போன ஞாயிறு பங்கு மண்டபத்தில், நீ தொகுத்த நம் சங்குகுளிப் படத்தைப் போட்டார்கள். திரையில் என் கணவர் சங்கெடுக்கக் கடலில் குதித்தார்; குதித்த வேகத்தில் மேலே வந்தார். படகில் கயிறு பிடித்து நின்ற என் அண்ணனைக் காணோம். தன்னைத் திரையில் பார்க்கவென்றே மணப்பாட்டிலிருந்து வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார் அவர்.

"கோமணத்தோட நிக்க அண்ணனக் காட்டுனா கான்வென்டுக்காரிக்குக் கொறச்சல்லா?" என்றாள் பின்னால் ஒருத்தி, கான்வென்டில் பாடம் நடத்தும் என்னைக் குத்தி.

அண்ணன் எழுந்து போய்விட்டார். போனையும் எடுப்பதில்லை.

உன் வெள்ளைக் கையுறை என் மேசையில் கிடக்கிறது. உன் மறைவைச் சொல்லி உன் மகள் அனுப்பியது. ரீகா நகரத்து ஸ்டுடியோவில் பதினெட்டு வயதில் அதை மாட்டிக்கொண்டு பிலிம் ஒட்டத் தொடங்கினாய். அரசுச் செய்திப்படங்களில் கைதட்டலை நீட்டச் சொல்வார்கள், நீட்டுவாயாம். உங்கள் நாட்டில் ஆட்சி மாறி, ஸ்டுடியோவும் மூடிய பிறகு கணினியில் படம் தொகுக்கக் கற்றாய். "ஜனங்கள் எழுந்து போகும்போதுதான் என் பெயர் திரையில் வரும்" என்று சிரிப்பாய்.

என் மாடியறையில் ஒரு மாதம் தங்கி இந்தப் படத்தைத் தொகுத்தாய். பக்கத்தில் இருந்து மொழிபெயர்த்தவள் நான். முதலில் நீயும், ஒன்றும் நடக்காத நேரம் என்று, கயிறு மட்டும் தெரியும் காட்சியை எடுத்துவிட்டாய். பார்த்த அண்ணன் கேட்டார்: "ஏளா, மாப்ள போன வேகத்துல மேல வாராரே! சங்கெடுக்கப் போனாரா, மூஞ்சி கழுவப் போனாரா?"

என்ன சொல்கிறார் என்றாய். எங்கள் பழைய வழக்கத்தில் கயிறு பிடிப்பவன் மனைவியின் உடன்பிறந்தான். தங்கை தாலியறுக்க அவன் விடமாட்டான் என்றேன். கயிறு மட்டும் தெரியும் அந்த ஒரு நிமிடம் முழுவதும் மனிதர் கடலடியில் இருக்கிறார் என்றேன்.

மறுநாள் காலை முழு நீளத்தையும் வைத்துக் காட்டினாய். கயிறு, அண்ணனின் கை, வேறொன்றும் இல்லை. அண்ணனும் நீயும் நானும் மூச்சுவிடாமல் பார்த்தோம். "யார் சொன்னாலும் இதைக் குறைக்க மாட்டேன்" என்றாய்.

பிறகு குறைத்தது யார்? நீயா? கைதட்டலை நீட்டச் சொன்னபோது நீட்டியவள்தானே நீ. இந்த நினைப்பு வந்தால் உட்கார முடியவில்லை. கையுறையைப் பெட்டிக்குள் வைக்கிறேன், மறுபடி எடுக்கிறேன். கணவரும் இப்போது உயிரோடு இல்லை. கண்ணை மூடினால் அந்த நிமிடம் மட்டும் குறையாமல் ஓடுகிறது.

இதை ஆங்கிலத்திலும் எழுதி உன் மகளுக்கு அனுப்புகிறேன். மகளே, அம்மாவின் கணினியில் தேடிப் பார். வெட்டியது உன் அம்மாவே ஆனாலும் மறைக்காதே. என் அண்ணனிடம் நான் காட்ட வேண்டும். அவர் கையில் கொடுக்க, கடிதமாகவே பதில் எழுது.