ரெண்டு மூக்கு முருகன்

2008 ஆகஸ்ட் 6, புதன்

காலையிலேயே வெயில். விருதுநகரிலிருந்து பஸ், பாதி வழி நின்றுகொண்டே. தாயில்பட்டியில் இறங்கி மாரிக்கனி வீடு. போன மாதம் மதுரையில் திரையிட்ட என் பட்டாசு ஆலை டாக்குமென்டரியில் பேசியவள். "நாலு பேர் உக்கார்ற ரூம்ல ஒம்பது பேர உக்கார வைக்கிறாக" என்று சொல்லத் துணிந்த ஒரே ஆள். முகத்தைக் காட்ட மாட்டேன் என்றேன். காட்டவில்லை. குரலையும் மாற்றினேன்.

அப்படியும் ஐந்து நாளாகக் கம்பெனி வேன் அவளை வேலைக்கு ஏற்றவில்லை.

தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை. பக்கத்து வீட்டுக்காரி, என் காதில் விழும்படியே: "கேமராக்காரரு வந்துருக்காரு. இன்னும் யாரு பொழப்புல மண்ணள்ளிப் போடப் போறாரோ."

எரிச்சல். ஒன்பது பேரை உட்கார வைத்தது நானா?

7, வியாழன்

வாங்க: பேட்டரி, கேசட் 2, செருப்புக்கு வார்.

கம்பெனி கேட்டில் ஃபோர்மேனைப் பார்த்தேன். நாற்காலி போட்டு, டீ வரவழைத்தார். அந்த மரியாதையே பிடிக்கவில்லை.

"சிடி இங்கனயும் வந்துச்சு சார். மூஞ்சிய நல்லாத்தான் மறைச்சிருக்கீக. பின்னால ரெண்டு மூக்கு முருகன் தொங்குறாரே, அவரு இந்த ஊர்ல எம்புட்டு வீட்ல இருக்காரு?"

டீயை அப்படியே வைத்துவிட்டு எழுந்தேன்.

மாரிக்கனி புருஷனுக்குச் சிவகாசி பிரஸ்ஸில் வேலை. கலர் விலகி வீணான காலண்டர் தாளை வீட்டுக்குக் கொண்டுவருவான். அலமாரியில் விரிக்க, புத்தகத்துக்கு அட்டை போட. சாமி படத்தை மட்டும் கிழிக்க மனசு வராது, சுவரில் மாட்டிவிடுவார்கள். சிவப்பு தள்ளி விழுந்ததில் முருகனுக்கு இரண்டு மூக்கு. அந்த ஷாட்டை எடிட்டர் அன்றே வெட்டச் சொன்னான். நான்தான் விடவில்லை. பத்து வருஷமாகப் படம் எடுக்கிறேன், அதைவிட நல்ல ஷாட் எனக்கு அமைந்ததில்லை. என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

9, சனி

மறுபடி தாயில்பட்டி. மன்னிப்புக் கேட்கத்தான் போனேன். வாய் வரவில்லை. சுவரில் வெறும் ஆணி. வேறு கம்பெனியில் சொல்லிப் பார்க்கவா என்று மாரிக்கனியிடம் கேட்டேன்.

"எல்லாக் கம்பெனிலயும் சிடியப் பாத்துட்டாக. நீங்க யார்ட்டயும் ஒண்ணும் சொல்ல வேண்டாம். அந்த முருகன மட்டும் படத்துலருந்து எடுத்துருங்க. இனி எங்கனயும் காட்டாதீக."

சரி என்று தலையாட்டினேன்.

11, திங்கள்

தூறல். செருப்பு தைத்தாயிற்று. டெல்லியிலிருந்து போன், படம் விழாவுக்குத் தேர்வாகிவிட்டது. போஸ்டருக்கு ஒரு ஸ்டில் வேண்டுமாம், சாயங்காலத்துக்குள். பிரவுசிங் சென்டரில் ஒரு மணி நேரம். இருபது ஸ்டில் இருந்தன. முருகனைத்தான் அனுப்பினேன்.