எனக்குப் பின்னால் பேசுகிறவர்கள்

ஜூலை 7, திங்கள்

காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. முற்பகல் சாமி சீரியல், பிற்பகல் போலீஸ் சீரியல், இரண்டுக்கும் நான்தான் டைரக்டர். மேக்கப் ராஜண்ணா: "காலைல தேவி, மத்தியானம் கொலை! சாயங்காலம் காமெடியா மேடம்?" சிரித்தேன். போன வருடம் அதுவும் இருந்தது.

எதைக் கொடுத்தாலும் எடுப்பாள் என்று பெயர். என்னுடையது என்று காட்ட ஒன்றுமில்லை.

மாலை, தயாரிப்பாளர் முரளி சார் போன். தமிழ்ப் படம். பொம்மனஹள்ளி கார்மென்ட்ஸில் வேலை செய்யும் ஓர் அம்மாவின் கதை. "சீரியல்காரங்கன்னு பார்ட்னர் தயங்குறார் மேடம். ஒரே ஒரு சீன் எடுத்துக் காட்டுங்க. நல்லா வந்தா படம் உங்களுக்கு."

யாரிடமாவது சொல்ல வேண்டும் போலிருந்தது. அக்காவுக்குப் போட்டேன். குக்கர் சத்தம். "அப்புறம் பேசறேண்டி."

ஜூலை 9, புதன்

ஜோகுபாளையத்தில் என் வீட்டுச் சமையலறையிலேயே ஷூட்டிங். செலவு மிச்சம். அம்மாவாக நித்யா. தர்மபுரிக்காரி, வைட்ஃபீல்டில் ஐ.டி. வேலை, லீவு போட்டு வந்திருந்தாள். ஹாஸ்டலில் இருக்கும் மகளோடு போனில் பேசும் காட்சி. வேறு நடிகர்கள் இல்லை. மதியத்துக்குள் முடிந்தது. இத்தனை பேர் இந்த வீட்டுக்குள் வந்து எவ்வளவு நாளாயிற்று. ஒரு டம்ளர் உடைந்தது. பரவாயில்லை.

ஜூலை 11, வெள்ளி

சவுண்ட் பார்க்கும் கிரீஷ் ஹெட்போனை நீட்டினான். "நீங்களே கேளுங்க மேடம்."

ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால் என் குரல். "சாப்பிட்டியாம்மா?" நான். அப்புறம், "சாப்பிட்டியாம்மா?" நித்யா. கடைசி வரை இப்படியே.

சீரியலில் யாரும் வசனம் படித்துவிட்டு வருவதில்லை. கேமரா பக்கத்தில் நின்று நான் சொல்வேன், அவர்கள் திருப்பிச் சொல்வார்கள், பிறகு டப்பிங். இந்தப் படத்துக்குப் பேசும்போதே குரலையும் பதிவு செய்கிறார்கள். தெரியும். தெரிந்தும் வாய் தானாகத் திறந்திருக்கிறது.

"நித்யாவுக்கு எல்லாம் மனப்பாடம் மேடம். நீங்க முடிக்கட்டும்னு வெயிட் பண்ணாங்க."

"அப்பவே சொல்லக் கூடாதாப்பா?"

"டைரக்டருக்கே எப்படிச் சொல்றது மேடம்..."

முரளி சார்: "இதப் போட்டா பார்ட்னர் சிரிப்பார். ஞாயித்துக்கிழமை இன்னொரு தடவை எடுங்க. அதோட சரி."

இரவு உப்புமா. பாதி மிச்சம்.

ஜூலை 13, ஞாயிறு

மழை விட்டிருந்தது. வாயில் கிராம்பு போட்டுக்கொண்டு நின்றேன்.

பாதியில் நித்யா நிறுத்திவிட்டாள். வசனம் மறந்துவிட்டது. என்னைப் பார்க்கிறாள். நாக்கு நுனி வரை வந்துவிட்டது. கிராம்பைக் கடித்தேன். காரம், கண்ணில் நீர்.

அவள் அடுப்பை அணைத்தாள். போனைக் காது மாற்றி வைத்தாள். "இங்க மழைடி" என்றாள். எழுதாதது. அப்புறம் ரொம்ப மெதுவாக, "சாப்பிட்டியாம்மா?"

"சூப்பர் ஆய்த்து மேடம்!" கன்னடத்தில் கிரீஷ்.

ஏழு மணிக்கு முரளி சார். "பார்ட்னர் இன்னொரு தடவை போடச் சொல்லிப் பாத்தார். படம் உங்களோடதுதான்."

அக்கா எடுக்கவில்லை. ஒருவேளை கோவிலில் இருப்பாள்.

எல்லோரும் போய்விட்டார்கள். நித்யா சாப்பிடுவதுபோல் நடித்த தட்டு சமையல் மேடையிலேயே கிடந்தது. கழுவிக் கவிழ்த்தேன். கவிழ்த்துவிட்டு, வாய்விட்டு, "சாப்பிட்டியாம்மா?" என்றேன்.

பழக்கத்தில் ஒரு நொடி காத்திருந்தேன்.