அம்மாவுக்கு மிச்சம் வைத்த சுவர்

என் செல்ல அண்ணா,

நம்ம வீட்டுச் சந்துல இருக்கிற அந்தச் சாம்பல் சுவரை நாளைக் காலையில இடிக்கிறாங்க. லிங்கராஜபுரத்து ஜனங்களை நீ ஒவ்வொருத்தரா உட்கார வச்சுப் படம் எடுத்த சுவர். ஓனர் இடத்தை வித்துட்டார். ரெண்டு நாள் குடுங்க, கொஞ்சம் அனுசரிச்சுக்கோங்கன்னு மேஸ்திரிகிட்ட கன்னடத்துல 'சொல்ப அட்ஜஸ்ட் மாடி' போட்டுக் கெஞ்சினேன். ஜேசிபிக்குச் சொல்லியாச்சும்மான்னு கையை விரிச்சிட்டார்.

இஸ்திரி போடுற முனியம்மா, ஆட்டோ பாஷா பாய், எல்லாரும் உன் படத்துல இருக்காங்க. வெறும் சுவர், ஒரு ஸ்டூல், ஒரு ஆள், அவ்வளவுதான். அம்மா மட்டும் இல்லை. "ஊரையெல்லாம் எடுத்து முடி, கடைசியா நான் உட்கார்றேன்"னு தள்ளிப் போட்டுக்கிட்டே இருந்தாங்க. நீ முந்திக்கிட்டே. அப்படி என்ன அவசரம் உனக்கு?

இன்னிக்குச் சாயங்காலம் உன் கேமராவைத் தூக்கிக்கிட்டு அம்மாவைக் கூட்டிட்டுப் போனேன். ஆதார் கார்டுக்கு உட்கார்ற மாதிரி விறைப்பா உட்கார்ந்தாங்க. "ஐயோ, பேட்டரி போச்சு"ன்னு நீ எல்லார்கிட்டயும் ஒரு பொய் விடுவியே, ஞாபகம் இருக்கா? அப்பாடான்னு அவங்க தோளைத் தளர்த்துற நேரத்துல டக்குன்னு அமுக்கிடுவே. நானும் அமுக்கிப் பார்த்தேன். நிஜமாவே பேட்டரி போச்சு.

சொன்னேன். அம்மா நம்பலை. "உங்க அண்ணன் விடுற பொய்தானே, போடி"ன்னு சிரிச்சாங்க. நீ போனதுக்கப்புறம் முதல் சிரிப்பு. சிரிப்பு அடங்கினதும் கேமராவையே பார்த்தாங்க. உள்ளே நீ உட்கார்ந்திருக்கிற மாதிரி பார்த்தாங்க. கண்ணு ரொம்பிடுச்சு. இந்த முகத்துக்குத்தானே அண்ணா நீ இத்தனை நாள் காத்திருந்தே?

நாக்கை மடிச்சு 'டக்'னு ஒரு சத்தம் குடுத்தேன்.

"எடுத்துட்டியா?"

"எடுத்துட்டேம்மா."

"அவன் எடுக்கிற மாதிரியே வந்திருக்கா?"

தலையாட்டினேன். வேற என்ன செய்ய?

இடிக்கிறதுக்காக நம்ம வீட்டுக் கரண்டை நேத்தே புடுங்கிட்டாங்க. பேட்டரி இப்போ பக்கத்து வீட்டுல சார்ஜ் ஏறிக்கிட்டிருக்கு. காலையில வெளிச்சம் வந்ததும், ஜேசிபி வர்றதுக்கு முன்னாடி, அம்மாவை மறுபடி அந்த ஸ்டூல்ல உட்கார வைப்பேன். அந்த முகம் திரும்ப வருமா? தெரியலை. வர்ற வரைக்கும் வண்டிக்குக் குறுக்கே நிப்பேன். அம்மா இல்லாம உன் படங்களை முடிய விடமாட்டேன், இது சத்தியம்.

அம்மா நம்பின பொய்யைச் சொன்ன
உன் தங்கச்சி,
ஷீபா