டாக்டரிடம் கேட்காத கேள்வி

ஃபால் ரிவர்,
பெந்தெகொஸ்தே கழிந்த புதன்கிழமை

அன்புள்ள ஞானமகள் டெலியாவுக்கு,

உன் ஞானத்தாய் எர்மெலிந்தா கப்ரால் எழுதுவது. என் உடம்புக்கு ஒரு குறையும் இல்லை. மாடிப்படி ஏறும்போது முழங்கால் முணுமுணுக்கிறது. அதன் பேச்சை நான் கேட்பதில்லை. உன் வீடும் தோட்டமும் நலமென்று நம்புகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை பரிசுத்த ஆவித் திருவிழாவுக்கு நீ வந்திருந்தாய். பங்கு மண்டபத்தில் சூப் அண்டாக்களுக்கு அந்தப் பக்கம் நின்றாய். நான் இந்தப் பக்கம் வந்ததும் பின்கதவு வழியாகப் போய்விட்டாய். ஞானஸ்நானத் தொட்டியடியில் உன்னைக் கையில் வாங்கியவள் நான். பேசத் தெரிந்த நாளிலிருந்து, கை நீட்டி ஆசீர்வாதம் கேட்காமல் நீ என்னைக் கடந்து போனதில்லை. காரணம் எனக்குத் தெரியும். அதனால் வருத்தம் குறைந்துவிடவில்லை.

நீ போனதும் நடந்ததைச் சொல்கிறேன். என் மருமகள் மோராவை நானே கூட்டிக்கொண்டு வந்திருந்தேன். அவள் தட்டில் இரண்டு துண்டு ரொட்டி, கொஞ்சம் இறைச்சி. கரண்டியும் கையுமாக நின்ற ஜூல்மிராவுக்கு வாய் சும்மா இருக்குமா? மண்டபம் முழுக்கக் கேட்கும்படி, "ஏ எர்மெலிந்தா, உன் மருமக சாப்பாடு இவ்வளவுதானா? எங்க வீட்டுப் பூனைகூட இதவிட ஜாஸ்தி தின்னும்!" என்றாள். மோரா நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "பூனைக்கு வயித்துல ஆபரேஷன் பண்ணலையே ஜூல்மிரா. வேணும்னா சொல்லு, டாக்டர் நம்பர் தர்றேன். பூனைக்கில்ல, உனக்கு" என்றாள். என் மூக்கு வழியாக சூப் வந்துவிட்டது.

இப்படிப் பதில் சொல்கிறவளைத்தான், டெலியா, உன் கைபட்ட காகிதம் சித்தம் கலங்கியவள் என்கிறது.

நடந்ததை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். உனக்கு யாரும் முழுதாகச் சொல்லியிருக்க மாட்டார்கள். மோரா எடை குறைய வயிற்றில் அறுவைசிகிச்சை செய்துகொண்டது கல்யாணத்துக்கு முன்பு. குழந்தை பிறந்ததும் வாந்தி தொடங்கியது. தண்ணீர்கூடத் தங்கவில்லை. பால் கொடுக்கிற உடம்புக்கு உள்ளே ஒன்றும் போகவில்லை. ஐந்தாம் வாரத்தில் நடை தள்ளாடியது, கண்மணிகள் ஓரிடத்தில் நிற்காமல் ஆடின. ஒரு மத்தியானம் குழந்தை லியோனோரைத் துணிக்கூடையில் படுக்கவைத்துவிட்டு, எங்கே வைத்தேன் என்று வீடு முழுக்கத் தேடினாள். என் மகன் ஜில்பெர்ட்டோ வேலையிலிருந்து வந்து பார்த்துப் பயந்துபோனான். அந்தப் பயத்தை நான் குறைசொல்லவில்லை. அதற்குப் பிறகு அவன் செய்ததைத்தான் குறைசொல்கிறேன்.

ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். அவசரப் பிரிவில் இருந்த டாக்டர் ஐந்து நிமிஷம் பார்த்துவிட்டு, 'பிரசவத்துக்குப் பிந்தைய சித்தக் கலக்கமாக இருக்கலாம்' என்று எழுதினார். மாடி வார்டில் டாக்டர் ஹாலொரன் வைட்டமின் பி1 மருந்தை நரம்பில் ஏற்றினார். மறுநாள் கண் ஆட்டம் நின்றது. அடுத்த நாள் மோரா, "அத்தை, பாப்பா எங்க? யாரு பால் குடுத்தா?" என்று என்னிடம் கேட்டாள். பைத்தியம் சத்து மருந்தில் தெளியுமா? ஹாலொரன் கடைசிக் குறிப்பில், குழப்பம் தெளிந்தது, பி1 தொடரவும் என்று மட்டும் எழுதி வீட்டுக்கு அனுப்பினார். நோயின் பெயரை எழுதவில்லை.

அந்த இடத்தில்தான், ஆஸ்பத்திரிக் கோப்புகளுக்குக் குறியீடு போடுகிற நம் தொழில் வருகிறது. நோயைக் கண்டுபிடிப்பது டாக்டர் வேலை, அவர் எழுதியதற்கு உரிய குறியீட்டைப் போடுவது நம் வேலை, எழுதாமல் விட்டதைக் கேட்பதும் நம் வேலை என்று முதல் நாளே உனக்குச் சொன்னேன். 'இருக்கலாம்' என்பது கடைசிக் குறிப்பிலும் நின்றால்தான் நமக்குக் கணக்கு. அவசரப் பிரிவு வாசலில் ஒருவர் சந்தேகப்பட்டதை, வீட்டுக்குப் போகும்போது முடிவாக எழுதக் கூடாது. நீ எழுதினாய். பிரசவித்து ஆறு வாரத்துக்குள் ஆஸ்பத்திரியில் படுக்கிற பெண்ணுக்கு, பழைய அறுவைசிகிச்சை சம்பந்தமே இல்லை என்று டாக்டர் சொன்னால் ஒழிய, அது அவள் பேறுகாலத்தைத் தொந்தரவு செய்கிறது என்றுதான் கொள்ள வேண்டும். அதற்கு ஆங்கில 'ஓ' எழுத்தில் தொடங்கும் தனிக் குறியீடு உண்டு. நீயோ 'இசட்' எழுத்தில், எப்போதோ நடந்து முடிந்த சங்கதி போல ஓரத்தில் ஒதுக்கிவிட்டாய். வயிற்றை ஓரத்தில் தள்ளினால், மிஞ்சுவது பைத்தியம்தானே?

நீ தெரியாமல் செய்திருந்தால் நான் இந்தக் கடிதத்தை எழுதியிருக்க மாட்டேன். உனக்கு நன்றாகத் தெரியும். போன வாரம் தொலைபேசியில் நீ சொன்னதை இப்போதும் காதில் கேட்கிறேன். "உங்க மருமக பேரு திரையில வந்துச்சு ஞானத்தாயே. வேற யாராவது எடுத்தா ஆபீஸ் முழுக்கப் பேசுவாளுங்க. கப்ரால் வீட்டு மருமக குழந்தையைத் தொலைச்சுட்டாளாம்னு. அதான் நானே எடுத்து சட்டுனு முடிச்சேன். டாக்டருக்குக் கேள்வி அனுப்பினா நாலு பேர் படிப்பாங்களே."

சொந்தக்காரர் கோப்பைத் தொடக் கூடாது, பெயரைப் பார்த்ததும் அடுத்தவளிடம் தள்ளிவிட வேண்டும் என்பது நம் பிரிவின் விதி. நீ என் மானத்துக்காக அதை மீறினாய். நம் ஜனங்களுக்கே உரிய அன்பு இது: மூடி வைக்கிற அன்பு. நம்மைத் தெரியாத ஒரு பெண் அந்தக் கோப்பை எடுத்திருந்தால், நிதானமாகப் படித்திருப்பாள். வாந்தி, பழைய அறுவைசிகிச்சை, பி1 என்று மூன்றையும் சேர்த்து எழுதி, இந்தக் குழப்பத்தின் காரணம் என்ன என்று ஹாலொரனைக் கேட்டிருப்பாள். ஊர் இரண்டு நாள் பேசியிருக்கும். குழந்தை தாயிடம் இருந்திருக்கும்.

இப்போது ஜில்பெர்ட்டோவின் வக்கீல் அந்தக் காகிதத்தைத்தான் நீதிமன்றத்தில் வைத்திருக்கிறார். குழந்தை யாரிடம் இருப்பது என்று அடுத்த செவ்வாய்க்கிழமை விசாரணை. லியோனோரை அவன் பிராவிடன்ஸ் ஊருக்குக் கொண்டுபோய்விட்டான். மோரா இன்னும் பால் எடுத்துப் பையில் அடைத்து, தேதி எழுதி வைக்கிறாள். நானே ஒரு நாள் கொண்டுபோனேன். என் மகன் வாசலில் நின்று, "அந்தப் பால் வேணாம்மா. எதுக்கு வம்பு? ஆஸ்பத்திரிக்காரனே எழுதிக் குடுத்திருக்கான்ல, நீங்க என்ன டாக்டரா?" என்றான். பையைத் திருப்பி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். என் ஃப்ரீசரில் கீரை சூப் வைக்க இடமில்லை.

மோராவே ஆஸ்பத்திரியில் திருத்தம் கேட்டு மனுப் போட்டுவிட்டாள். பதில் சொல்ல ஆஸ்பத்திரிக்கு இரண்டு மாதம் அவகாசம் உண்டாம். ஹாலொரனைப் பார்க்கப் போனோம். கோடிங் பிரிவு கேட்டால் உடனே எழுதுகிறேன் என்றார். அவர் நல்லவர். ஆனால் கேட்டால்தான் எழுதுவார். அவர்கள் எல்லாரும் அப்படித்தான்.

"இப்பத் திரும்பத் திறந்தா நான் அதத் தொட்டதே வெளிய வரும். என் வேல போயிரும் ஞானத்தாயே" என்றாய். போகலாம். நான் இருபத்தெட்டு வருஷம் உட்கார்ந்த நாற்காலி அது. நான்தான் உன்னை அதில் உட்காரவைத்தேன். தெரிந்துதான் கேட்கிறேன். மேலதிகாரியிடம் போய், இது என் உறவினர் கோப்பு, நான் தொட்டிருக்கக் கூடாது, வேறொருத்தியிடம் கொடுங்கள் என்று சொல். அவ்வளவுதான். மீதியை அவள் கேட்பாள். நீ கேள்வி எழுத வேண்டாம். இந்த வீட்டைத் தெரிந்த கை இனி அதில் படவே கூடாது.

நானே நிர்வாகத்துக்கு எழுதியிருக்கலாம். முகவரி எனக்குப் பாடம். இரண்டு தடவை உறையை எடுத்துவிட்டுத் திரும்ப வைத்தேன். என் ஞானமகளைக் காட்டிக்கொடுக்க இந்த வயதில் எனக்குக் கை வரவில்லை என்று நினைத்துக்கொள். ஆனால் செவ்வாய்க்கிழமை என் மகனுக்கு எதிராக, மருமகள் பக்கத்தில் உட்காரப்போகிறேன். கையில் ஒரு காகிதமும் இல்லாமல் உட்கார்ந்தால், நீதிபதிக்கு நான் மருமகளுக்குப் பரிந்து பேசுகிற ஒரு கிழவி. நான் படித்தது கன்னியர் மடத்துப் பள்ளியில் மட்டும்தான் என்று சொன்னால் சிரிப்பார்கள்.

லியோனோருக்கு ஞானத்தாயாக நிற்க நீ ஒப்புக்கொண்டாய். ஞானஸ்நானத்துக்கான வெள்ளை உடுப்பு என் அலமாரியில் தொங்குகிறது. இந்த மாதம் போனால் அது அவளுக்குப் பத்தாது. ஒரு நாள் அவளும் உன் முன்னால் வந்து கை நீட்டுவாள். என் அம்மா ஏன் என்னோடு இல்லை என்று உன்னைக் கேட்க மாட்டாள், அதில் உன் கை பட்டது அவளுக்குத் தெரியாது. ஆசீர்வாதம் மட்டும்தான் கேட்பாள். அப்போது கொடுப்பதற்கு உன் கையில் ஏதாவது இருக்க வேண்டும்.

கேட்காதவருக்கு ஆசீர்வாதம் கொடுப்பது நம் வழக்கமல்ல. என் வாழ்நாளில் நான் கொடுத்ததுமில்லை. ஞாயிற்றுக்கிழமை நீ கேட்காமல் விட்டதை இந்தக் கடிதத்தில் வைத்து அனுப்புகிறேன். சர்வேசுரன் உன்னை ஆசீர்வதிப்பாராக, மகளே. வெள்ளிக்கிழமை அலுவலகம் மூடுவதற்குள் ஆசீர்வதிப்பாராக.

உன் ஞானத்தாய்,
எர்மெலிந்தா கப்ரால்