மேசைக் கணக்கில் வராத கடல்

அனுப்புநர்:
யே. பாக்கியமேரி (வயது 49),
மனுத் தட்டச்சர், வேப்பமரத்தடி,
அரசு அலுவலகச் சாலை, தல்லாகுளம், மதுரை-2.
(வீடு: கோச்சடை, மதுரை-16)

பெறுநர்:
உயர்திரு நூலக அலுவலர் அவர்கள்,
வைகை வடகரைப் பொது நூலகங்கள்,
மதுரை.

பொருள்: நூலகம் – தல்லாகுளம் கிளை – கணினிமயமாக்கல் – எவரும் பயன்படுத்தாதவை எனப் பட்டியலிடப்பட்ட 412 நூல்கள் – 17.10.2003 வெள்ளிக்கிழமை எடைக்கு ஏலம் – சேர்க்கை எண் 7316, பெருங்கடல் வரைபடத் தொகுதி – ஏலத்தை நிறுத்தி வைக்கக் கோருதல் – தொடர்பாக.

பார்வை: கிளை நூலகப் பலகையில் ஒட்டப்பட்ட தங்கள் ஏல அறிவிப்பு, நாள் 6.10.2003.

மதிப்பிற்குரிய ஐயா,

1. தல்லாகுளத்தில் வேப்பமரத்தடியில் தட்டச்சுப் பொறியை வைத்துக்கொண்டு, பத்தொன்பது ஆண்டுகளாகப் பிறருக்கு மனு அடித்துக் கொடுத்துப் பிழைத்து வருகிறேன். பட்டா மாறுதல், முதியோர் உதவித்தொகை, தண்ணீர்க் குழாய், பக்கத்து வீட்டுச் சேவல் என்று நான் அடிக்காத குறை இந்த ஊரில் பாக்கியில்லை. ‘அனுப்புநர்’ என்ற இடத்தில் என் சொந்தப் பெயரை அடிப்பது இதுவே முதல் தடவை. யார் குறையையும் ஒரு பக்கத்துக்குள் அடக்கிவிடுவேன் என்று எனக்குப் பெயர் உண்டு. என் குறை அப்படி அடங்க மறுக்கிறது. நீளம் கூடினால் தாங்கள் பொறுத்தருள வேண்டும்.

2. மதியம் ஒன்றிலிருந்து இரண்டு வரை அலுவலகங்களில் சாப்பாட்டு நேரம். அந்த ஒரு மணி நேரம் தங்கள் கிளை நூலகத்தில் போய் உட்காருவது 1996 முதல் என் வழக்கம். ஐயா அவர்கள் அந்த வேளையில் அங்கே வந்ததுண்டா என்று தெரியவில்லை. வெளியே வெயில் கண்ணைக் கூசும். உள்ளே நுழைந்தால் சிறிது நேரம் ஒன்றுமே தெரியாது. பிறகு மேசைகள் தெரியும், அவற்றின் மேல் குனிந்த தலைகள் தெரியும். மின்விசிறிக் காற்றில் எல்லோருடைய பக்கங்களும் ஒரே சமயத்தில் லேசாக எழுந்து அடங்கும். சாலையில் போகும் பேருந்துச் சத்தம் அடுத்த ஊரில் போவது போலக் கேட்கும். பத்துப் பன்னிரண்டு பேர் சேர்ந்து ஒரே கனவில் உட்கார்ந்திருப்பது போல இருக்கும். அந்த நேரத்தில் நான் மதுரையில் இருப்பதில்லை.

3. இந்த நூலகத்தில் ஒரு பழக்கம் உண்டு. இன்றைய குறைக்கு அதுவே மூலம். 1994-இல் நூலக உதவியாளர் ஓய்வு பெற்றபின் அந்த இடம் நிரப்பப்படவில்லை. நூலகர் திரு. கண்ணுச்சாமி ஒருவரே கதவைத் திறந்து, பெருக்கி, புத்தகம் கொடுத்து வாங்கி, கடைசியில் மேசைகளில் கிடப்பதையெல்லாம் அடுக்கி வைத்துவிட்டு விளாங்குடிக்குப் பேருந்து ஏறுவார். அவர் படும் பாட்டைப் பார்த்த வாசகர்கள், எடுத்த புத்தகத்தை எடுத்த இடத்திலேயே வைத்துவிட்டுப் போகத் தொடங்கினார்கள். ‘படித்த நூல்களை மேசை மீதே விட்டுச் செல்லவும்’ என்ற பலகை அங்கே தொங்கத்தான் செய்தது. அதை ஒருவரும் சட்டை செய்யவில்லை. புதிதாக வருபவர் யாராவது விட்டுப் போனால் பக்கத்தில் இருப்பவர் எழுந்து அடுக்கிவிடுவார். மேசையில் புத்தகத்தைப் போட்டுவிட்டுப் போவது, சாப்பிட்ட இலையை எடுக்காமல் எழுந்து போவது போன்ற காரியம் என்று எங்களுக்குள் ஆகிவிட்டது.

4. அந்தப் பலகைக்கு ஒரு காரணம் இருந்திருக்கிறது. வீட்டுக்குக் கொடுக்காத நூல்களை எத்தனை பேர் படிக்கிறார்கள் என்பதை, மாலையில் மேசையில் கிடப்பவற்றை எண்ணித்தான் குறிப்பேட்டில் எழுத வேண்டுமாம். அதற்கு மேசைக் கணக்கு என்று பெயராம். கண்ணுச்சாமி அவர்கள் நேர்மையானவர். மேசையில் ஒன்றும் இல்லாததால் தினமும் ‘இல்லை’ என்று எழுதினார். அப்படியே ஒன்பது ஆண்டுகள் எழுதினார்.

5. 2001-இல் கணினி வந்தபோது எங்களைப் போல மகிழ்ந்தவர்கள் இருக்க முடியாது. அதற்குச் சந்தனம், குங்குமம் வைத்தோம். தினமும் கலைக்களஞ்சியம் படிக்க வரும் ஓய்வு பெற்ற பேருந்து நடத்துநர் திரு. முத்துக்கருப்பன் பூ வாங்கி வந்தார். நான் மிட்டாய் வாங்கிப் போனேன். ஒப்பந்தத்தில் வந்த இந்துப்ரியா என்ற பெண், அட்டைகளையும் குறிப்பேடுகளையும் ஒன்றரை ஆண்டு உட்கார்ந்து கணினியில் ஏற்றினார். ‘இல்லை’ என்று இருந்த இடத்திலெல்லாம் பூஜ்ஜியம் போட்டார். இந்த ஆண்டு மேலும் நான்கு கணினிகள் வருவதால் இடம் தேவைப்பட்டது. மூன்று ஆண்டுகளாக யாரும் தொடாத நூல்கள் எவை என்று கணினியிடம் கேட்டார்கள். அது 412 நூல்களைச் சொன்னது. நாங்கள் நாள் தவறாமல் படித்து, நாள் தவறாமல் அடுக்கி வைத்தவை எல்லாம் அதில் இருக்கின்றன. கணினி பொய் சொல்லவில்லை ஐயா. நாங்கள்தான் அதனிடம் உண்மையை மறைத்துவிட்டோம், மறைக்கிறோம் என்று தெரியாமலே.

6. பட்டியல் ஒட்டிய அன்று முத்துக்கருப்பன் அவர்கள் அதை இரண்டு முறை படித்துவிட்டு, “அம்புட்டையும் ஒழுங்கா அடுக்கி வச்சதுக்கு இதான் கூலியா அண்ணே?” என்று கேட்டார். கண்ணுச்சாமி அவர்கள் பட்டியலின் எழும்பிய ஓரத்தை அழுத்தி ஒட்டினார். பிறகு, “நம்ம மருவாதியே நமக்கு வினையாப் போச்சு” என்று மட்டும் சொன்னார். இந்துப்ரியா, “இருந்ததைத்தான் போட்டேன் அக்கா” என்று என்னிடம் சொல்லிக் கண் கலங்கினார். இவர்களில் எவர் மீதும் நடவடிக்கை கோரி இம்மனு எழுதப்படவில்லை என்பதைத் தெளிவுபடுத்திக்கொள்கிறேன்.

7. இனி என் சொந்த விஷயம். என் கணவர் யேசுதாஸ் சரக்குக் கப்பலில் சமையல் உதவியாளராக இருந்தார். 1996 பிப்ரவரியில் மதுரை ரயில் நிலையத்தில் “வாரேன் மேரி” என்று சொல்லிவிட்டு வண்டி ஏறினார். ஆகஸ்டில் நடுக்கடலில் நெஞ்சுவலி வந்து இறந்துபோனார். அடுத்த துறைமுகம் பத்து நாள் தூரம் என்பதாலும், கப்பலின் குளிரறை பழுதாகி இருந்ததாலும் கடலிலேயே அடக்கம் செய்துவிட்டதாகக் கடிதம் வந்தது. இரண்டு வரி இரங்கல். அதன் கீழே அடக்கம் செய்த இடம்: தெற்கு 11 டிகிரி 20 நிமிடம், கிழக்கு 68 டிகிரி 5 நிமிடம். அது என்ன இடம் என்று எங்கள் பங்குத்தந்தைக்கும் சொல்லத் தெரியவில்லை. கடிதத்தைக் கண்ணுச்சாமி அவர்களிடம் காட்டினேன். அவர், தூத்துக்குடித் துறைமுகத்தில் வேலை பார்த்த ஒருவர் நூலகத்துக்கு அன்பளிப்பாகக் கொடுத்திருந்த பெரிய ஆங்கிலத் தொகுதியை இரண்டு கையாலும் தூக்கி வந்து விரித்தார். அதுவே எண் 7316. பக்கம் 41-இல் ஒரு கோட்டை ஒரு விரலாலும் மற்றொரு கோட்டை மற்றொரு விரலாலும் பின்தொடர்ந்து இரண்டையும் ஒன்றுசேர்த்தார். “இந்தா, இங்கதான் இருக்காரு” என்றார்.

8. அந்தப் பக்கம் முழுவதும் தண்ணீர்தான். என் கணவர் இருக்கும் இடத்துக்கு அருகில் 3,640 என்று ஆழம் போட்டிருக்கிறது, மீட்டர் கணக்கில். அடியில் என்ன மண் என்பதையும் எழுதியிருக்கிறார்கள். அகராதியை வைத்துக்கொண்டு ஒரு வாரத்தில் அதைத் தெரிந்துகொண்டேன். கண்ணுக்குத் தெரியாத சின்னஞ்சிறு ஓடுகள் உதிர்ந்து சேர்ந்த வெண்சேறாம். மெத்தென்று இருக்கும் என்று நினைத்து அன்றைக்குத்தான் சரியாகச் சாப்பிட்டேன். நீரோட்டங்களை அம்புக்குறியாகக் காட்டியிருக்கிறார்கள். விரலை வைத்துக்கொண்டு போனால் மேற்கே ஆப்பிரிக்கக் கரை, அங்கிருந்து வடக்கே, பிறகு தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் கிழக்கே திரும்பி நம் கன்னியாகுமரிக்குக் கீழே வந்து போகிறது. சில மதியங்களில் அந்த அம்புகள் மெல்ல நகரும். பக்கத்தின் நீலம் மேசை விளிம்பைத் தாண்டி இறங்கி அலமாரிகளின் காலை நனைக்கும். முத்துக்கருப்பன் அவர்கள் முழங்கால் தண்ணீரில் உட்கார்ந்து, வேட்டி நனைவது தெரியாமல் கலைக்களஞ்சியம் படித்துக்கொண்டிருப்பார். இது மனுவில் எழுதத் தக்க விஷயமில்லை என்று தெரியும். ஆனாலும் நடந்ததை நடந்தபடி எழுதுங்கள் என்றுதான் என்னிடம் வரும் எல்லோருக்கும் சொல்கிறேன். நான் கடலை நேரில் பார்த்ததில்லை. எங்கள் வைகையும் பெரும்பாலான வருடங்களில் பார்ப்பதில்லை.

9. நவம்பர் இரண்டாம் தேதி கல்லறைத் திருநாள். எங்கள் பங்கு மக்கள் அன்று அவரவர் குடும்பக் கல்லறைக்குப் பூ வைத்து, மெழுகுவர்த்தி ஏற்றி, பங்குச் சாமியார் வந்து மந்திரித்துத் தீர்த்தம் தெளிக்கக் காத்திருப்பார்கள். நான் பக்கம் 41-க்கு வருவேன். நூலகத்தில் மெழுகுவர்த்தி ஏற்ற முடியாது. பூவின் ஈரம் தாளுக்கு ஆகாது. ஆகவே சும்மா உட்கார்ந்திருப்பேன். பிறகு தொகுதியை மூடிக் கீழ்த்தட்டில் அதன் இடத்தில் வைத்துவிட்டுப் போவேன். ஏழு ஆண்டுகளில் ஒரு நாள்கூட அதை மேசையில் விட்டுப் போனதில்லை.

10. எல்லாம்தான் இணையத்தில் வந்துவிட்டதே என்று தாங்கள் கேட்கலாம். நானும் தேடிப் பார்த்தேன். சென்ற ஆண்டு கணினிக்குத் தொலைபேசி வழியே இணைப்பு வந்ததும், இந்துப்ரியா எனக்காக அந்த இரண்டு எண்களையும் அடித்தார். கடல் திரையின் மேலிருந்து வரி வரியாக இறங்கி வந்தது. இவ்வளவு அழகான காத்திருப்பை நான் கண்டதில்லை. பாதிக் கடல் வந்தபோது யாரோ தொலைபேசியில் கூப்பிட்டுவிட்டதால் இணைப்பு அறுந்து மீதி வரவில்லை. மறுநாள் முழுதும் வந்தது. ஒரே நீலம். ஆழம் இல்லை, மண் இல்லை, அம்பும் இல்லை. ஒருவேளை இன்னும் சில ஆண்டுகளில் அவையும் வரக்கூடும். வந்தால் மிட்டாய் வாங்கிக்கொண்டு முதலில் வருபவள் நானாகத்தான் இருப்பேன். அது வருவதற்குள் இதை எடைக்குப் போட்டுவிட வேண்டாம் என்பதே என் வேண்டுதல்.

11. பட்டியலில் ஒன்று குறைந்தால் யாருக்குத் தெரியப் போகிறது, பேசாமல் வீட்டுக்கு எடுத்துப் போய்விடுங்கள் என்று சிலர் எனக்கு யோசனை சொன்னார்கள். அவர்கள் பெயரை இங்கே குறிப்பிட விரும்பவில்லை. கோச்சடையில் என் வீடு ஒரே அறை, மழைக்கு ஒழுகும். காரணம் அது மட்டுமல்ல. கல்லறையை யாரும் வீட்டுக்குள் வைத்துக்கொள்வதில்லை. அது ஊருக்குப் பொதுவான இடத்தில், நாலு பேர் அமைதியாக வந்து போகும் இடத்தில் இருக்க வேண்டும். என் கணவருக்கு அப்படி ஓர் இடம் தங்கள் நூலகத்தில்தான் கிடைத்தது.

12. எனவே, வெள்ளிக்கிழமை ஏலத்தை மூன்று மாதம் ஒத்திவைத்து, அதற்குள் மேசைக் கணக்கைப் புதிதாக எடுக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். வெள்ளி நூலகத்துக்கு விடுமுறை. லாரி வரும்போது எங்களில் ஒருவரும் அங்கே இருக்க மாட்டோம் என்பதையும் தாங்கள் கருத வேண்டும். இந்நூல்களை நாங்கள் படித்தோம் என்பதற்கு 31 வாசகர்களின் கையொப்பம் இணைத்திருக்கிறேன். புதிய கணினிகளுக்கு இடம் போதாதென்றால் நாளிதழ் மேசையை வராந்தாவுக்கு மாற்றிக்கொள்ளச் சம்மதம் என்று அனைவரும் ஒருமனதாகக் கூறியுள்ளனர். இது எதுவும் முடியாதென்றால், 7316 ஒன்றை மட்டுமாவது நவம்பர் இரண்டாம் தேதி வரை விட்டுவையுங்கள். இந்த வரியை அடிக்க எனக்கு விருப்பமில்லை. மற்றவர்களை விட்டுவிட்டு எனக்காக மட்டும் கேட்பதாகிவிடுகிறது. ஆனாலும் கேட்கிறேன்.

13. இன்று மதியம் நான் வழக்கத்தை மீறினேன் ஐயா. தொகுதியை எடுத்துப் பார்த்துவிட்டு, மூடாமல் மேசை மீதே விட்டு வந்தேன். கதவு வரை வந்து இரண்டு முறை திரும்பிப் போனேன். முத்துக்கருப்பன் அவர்கள் பழக்கத்தில் அதை எடுத்து வைக்க எழுந்தவர், என் முகத்தைப் பார்த்துவிட்டு உட்கார்ந்துகொண்டார். கொஞ்ச நேரத்தில் அவரும் தம் கலைக்களஞ்சியத்தை மேசையில் விட்டுவிட்டு வெளியே வந்தார். அவர் பின்னாலேயே மற்றவர்களும் வந்தார்கள். வாசலில் செருப்பைத் தேடும்போது, ஏதோ தப்புச் செய்தவர்கள் போல யாரும் யாரையும் பார்க்கவில்லை. இன்று மாலை கண்ணுச்சாமி அவர்கள் ‘இல்லை’ என்று எழுத முடியாது. என் கணவரைத் திறந்தபடி தனியே விட்டு வந்தது எனக்குத் தாங்கவில்லை. ஏழு ஆண்டுகளாக அவர் அங்கேதான் இருக்கிறார். அவரையும் எண்ணிச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இணைப்பு: 31 வாசகர்களின் கையொப்பப் பட்டியல், கப்பல் நிறுவனக் கடிதத்தின் நகல்.

இடம்: தல்லாகுளம், மதுரை-2
நாள்: 13.10.2003, திங்கட்கிழமை, பிற்பகல்

தங்கள் நூலகத்தின் வாசகி,
(ஒப்பம்)
யே. பாக்கியமேரி