ஊதச் சொன்னதற்காக

அன்புள்ள அப்பாவுக்கு,

விடுதியில் நான் நலம். நீங்கள் ஒழுங்காகச் சாப்பிடுகிறீர்களா?

போன ஞாயிறு என்னைப் பார்க்க வந்தபோது உங்கள் மேல் ஏலக்காய் வாசம் அடித்தது. முன்பெல்லாம் குடித்ததை மறைக்க ஏலக்காய்தானே மெல்லுவீர்கள்? அதனால் தோழிகள் முன்னாலேயே, "அப்பா, ஊதுங்க" என்றேன்.

"பஸ்ல குமட்டுச்சும்மா, அதான்" என்று சொல்லி, பலூன் ஊதுவதுபோல் ஊதிக் காட்டினீர்கள். ஏலக்காயைத் தவிர ஒன்றுமில்லை. எல்லாரும் சிரித்தார்கள். நான் மன்னிப்புக்கூடக் கேட்கவில்லை.

அன்று மாலையே நீங்கள் குடித்துவிட்டதாக அம்மா போனில் சொன்னார். "அஞ்சு மாசம் குடிக்காம இருந்ததும் வீணாப்போச்சு, இனி குடியை நிறுத்த வெச்ச டாக்டர் மூஞ்சில எப்படி முழிப்பேன்னு படுத்தே கிடக்கிறாரு" என்றார். நான் ஊதச் சொன்னதால் இல்லை என்றும் சொன்னார். எனக்கு மனசு கேட்கவில்லை.

வீண் இல்லை அப்பா. அந்த ஐந்து மாதமும் வீட்டுக்குப் போன் செய்யும்போது, "அப்பா குடிச்சிருக்காராம்மா?" என்று நான் கேட்கவே இல்லை.

இரண்டு நீள நோட்டும் சிவப்பு ஸ்வெட்டரும் வேண்டும். அம்மாவிடம் கொடுத்தனுப்பாதீர்கள். நாளைக்கே டாக்டரைப் பார்த்துவிட்டு, ஞாயிறன்று நீங்களே கொண்டு வாருங்கள். படிப்பு மணி அடித்துவிட்டது. டாக்டர் முகத்தைப் பார்க்க உங்களுக்கு எப்படி இருக்குமோ, உங்கள் முகத்தைப் பார்க்க எனக்கும் அப்படித்தான் இருக்கும். இருந்தாலும் வாசலில் நிற்பேன்.

உங்கள் மகள்